ஷின்னியோடோ முற்றத்தில் எடுத்த படம்

நவம்பர் 15-ஆம் தேதி காலை, கியோட்டோவில் ஷின்னியோடோ கோயிலில் கஞ்சிக்காக வரிசையில் நின்றுகொண்டிருந்தேன். அஸுகி என்கிற பயறு போட்டுக் குழைய வேகவைத்த அரிசிக் கஞ்சி. அஸுகி நம் காராமணிக்குத் தங்கை மாதிரி இருக்கும், நிறம் மட்டும் நல்ல அடர் சிவப்பு. பத்து இரவுகள் தொடரும் பிரார்த்தனை முடிகிற நாளில் இந்தக் கஞ்சியைக் குடித்தால் பக்கவாதம் அண்டாது என்று ஊரில் ஒரு நம்பிக்கை. உள்ளே பெரிய வெண்கலத் தட்டு மணிகளை ஒரே சீராக அடித்துக்கொண்டிருந்தார்கள். காதில் விழுவதற்கு முன்னால் அந்த ஓசை நெஞ்சில் வந்து அதிர்கிறது.

கஞ்சி ஊற்றிக்கொண்டிருந்த பாட்டிக்கு எழுபத்தைந்து வயதாவது இருக்கும். வெள்ளை ஏப்ரன், தலையில் கட்டிய துண்டு. “இலை பார்க்க வந்தீர்களா, அமிதா-சானைப் பார்க்கவா?” என்று கேட்டார். கியோட்டோக்காரர்கள் புத்தரையும் கோயிலையும்கூட ‘சான்’ போட்டு, பக்கத்து வீட்டுப் பெரியவரைக் கூப்பிடுவதுபோலத்தான் கூப்பிடுவார்கள். நான் “இங்கே படம் எடுத்த இடத்தைப் பார்க்க வந்தேன்” என்றேன். மணியோசையில் ‘படம்’ மட்டும்தான் அவர் காதில் விழுந்திருக்க வேண்டும்.

“படமா? எந்தப் படம்? எங்கே காட்டுகிறார்கள்?”

எனக்குச் சட்டென்று பதில் வரவில்லை. பின்னால் ஆட்கள் நின்றதால் கிண்ணத்தை வாங்கிக்கொண்டு நகர்ந்துவிட்டேன்.

அந்தப் படம் எங்கும் காட்டப்படுவதில்லை. ‘ஹொன்னோஜி காஸ்ஸென்’, அதாவது ‘ஹொன்னோஜிப் போர்’. 1908-இல் இதே கோயில் வளாகத்தில் எடுத்தார்கள். இயக்கியவர் மாகினோ ஷோஸோ, அவருடைய முதல் படம் அது. வாள், சாமுராய், கோட்டை என்று நாம் ஜப்பானியப் படம் என்றதும் நினைக்கிற ‘ஜிதாய்கெகி’ வகை முழுவதற்கும் இதைத்தான் தொடக்கமாகச் சொல்கிறார்கள். படச்சுருள் அழிந்துவிட்டது. நூறு வருடம் ஆனதையொட்டி 2008-இல் கோயில் வளாகத்தில் ‘கியோட்டோ திரைப்படம் பிறந்த இடம்’ என்று நினைவுச் சின்னம் வைத்தார்கள். நான் தேடிப் போனது அதைத்தான்.

இல்லாத படத்தின்மேல் இவ்வளவு ஆசை எப்படி வந்தது என்று வீட்டில் கேட்டார்கள். ஒசாகாவுக்கு வேலைக்கு வந்த புதிதில், ஒரு மழை நாளில் கியோட்டோ கலாச்சார அருங்காட்சியகத்துக்குள் ஒதுங்கினேன். அங்கே பழைய ஜப்பானியப் படங்களைக் காட்டுகிற சின்னத் திரையரங்கு உண்டு. அன்றைக்கு ஓடியது மாகினோ எடுத்த பழைய மௌனப் படங்களில் ஒன்று. காமிரா இருந்த இடத்தைவிட்டு அசையவில்லை. நடிகர்கள் முழு உருவமாகத் தெரிந்தார்கள். சண்டைகூட நடனம் மாதிரி இருந்தது. ஆனால் அவர்களுக்குப் பின்னால் ஒரு நிஜ மரம் நிஜக் காற்றில் ஆடியது. நூறு வருடத்துக்கு முந்தைய காற்று. கதையை விட்டுவிட்டு அந்த மரத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். வெளியே வந்ததும், இந்த ஆள் முதன்முதலில் எங்கே காமிராவை நிறுத்தினார் என்று தேட ஆரம்பித்தேன். தேடல் இந்தக் கோயிலில் வந்து நின்றது.

முதலில் கதையைச் சொல்லிவிடுகிறேன். ஜப்பானில் பள்ளிக் குழந்தைக்கும் தெரிந்த கதை.

1582, ஜூன் 21 விடியற்காலை. நாட்டின் பெரும்பகுதியைத் தன் கைக்குள் கொண்டுவந்திருந்த ஓடா நொபுநாகா, கியோட்டோவில் ஹொன்னோஜி கோயிலில் தங்கியிருக்கிறான். கூட இருப்பவர்கள் சொற்பம். மெய்க்காவல் இளைஞர்கள், பணிப்பெண்கள், குதிரைக்காரர்கள். அவனுடைய தளபதி அகேச்சி மிட்சுஹிதே மேற்கே நடக்கும் போருக்கு உதவப் போவதாகச் சொல்லிக் கிளம்பியவன், வழியில் சுமார் 13,000 பேர் கொண்ட படையை கியோட்டோ பக்கம் திருப்புகிறான். “எதிரி ஹொன்னோஜியில் இருக்கிறான்” என்று அவன் படைக்குச் சொன்னதாக ஒரு வாக்கியம் இன்றைக்கும் பழமொழியாகப் புழங்குகிறது. அது பிற்காலத்தில் கட்டியது என்பார்கள்.

நொபுநாகாவிடம் பணியாற்றிய ஓட்டா கியூயிச்சி எழுதிய வரலாற்றில் அந்த விடியல் சில வரிகளில் வருகிறது. வெளியே சத்தம் கேட்கிறது. யாரோ கீழாட்கள் சண்டை போடுகிறார்கள் என்று முதலில் நினைக்கிறார்கள். யாருடைய படை என்று நொபுநாகா கேட்க, அகேச்சியின் ஆட்கள் போலிருக்கிறது என்கிறான் மெய்க்காவல் இளைஞர்களில் ஒருவனான மோரி ரன்மாரு. நொபுநாகா சொல்லும் பதில் மிகச் சிறியது. “ஸெஹி நி ஓயொபஸு.” சரியா தவறா என்று பேச இனி ஒன்றுமில்லை என்பதுபோல ஒரு வார்த்தை. வில்லை எடுக்கிறான், நாண் அறுகிறது. ஈட்டியை எடுக்கிறான், முழங்கையில் காயம் படுகிறது. பணிப்பெண்களை வெளியே போகச் சொல்கிறான். கோயில் பற்றி எரிகிறது. உள்ளறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொள்கிறான். உடல் கிடைக்கவேயில்லை.

இதை நாடகக்காரர்கள் விடுவார்களா? பொம்மலாட்டத்திலும் கபுகி நாடகத்திலும் பலவிதமாக ஆடியிருக்கிறார்கள். பிறகு வந்த தொகுகாவா ஆட்சியில் நொபுநாகா காலத்துப் பெருந்தலைகளின் நிஜப் பெயரை மேடையில் சொல்லத் தடை இருந்ததால், ஓடா நொபுநாகா ‘ஓடா ஹருநாகா’ ஆனான், அகேச்சி ‘தகேச்சி’ ஆனான். பெயரில் ஓரெழுத்து மாற்றிவிட்டு ஊரே புரிந்துகொள்ளும்படி ஆடினார்கள். மாகினோ இந்த உலகத்தில் பிறந்து வளர்ந்தவர். அவர் அம்மா கிதாயூ பாடுபவர். பொம்மலாட்டக் கதைகளைச் சமிசென் இசையோடு உட்கார்ந்து பாடும் கலை அது. தறிச் சத்தம் ஓயாத நிஷிஜின் பகுதியில் ‘சென்போன்-ஸா’ என்ற நாடகக் கொட்டகையைக் குடும்பம் நடத்திவந்தது. பார்க்க வருபவர்கள் நெசவாளிகளும் சின்னக் கடைக்காரர்களும்.

சினிமா அந்த ஊருக்குள் வந்ததும் துணி வழியாகத்தான். இனாபாடா கட்சுதாரோ என்ற கியோட்டோ வணிகர் சாயத்தொழில் படிக்க பிரான்சின் லியோன் நகரத்துக்குப் போனார். அங்கே கூடப் படித்தவர்களில் ஒருவர் ஒகுஸ்த் லூமியேர். பிற்பாடு 1897 தொடக்கத்தில் இனாபாடா ஊர் திரும்பியபோது லூமியேர் சகோதரர்களின் சினிமடோகிராஃப் கருவியும் கூட வந்தது. கொஞ்ச நாளிலேயே, இந்தத் தொழில் தனக்குச் சரிவராது என்று அதை யோகோடா எய்னொசுகே கையில் கொடுத்துவிட்டார். யோகோடா ரஷ்ய–ஜப்பானியப் போர்ப் படங்களை ஊர் ஊராகக் காட்டிச் சம்பாதித்தவர். போர் முடிந்தது, மக்களுக்குக் கதை வேண்டியிருந்தது. சொந்தமாகக் கொட்டகையும் சம்பளத்துக்கு நடிகர்களும் வைத்திருக்கும் மாகினோவிடம் போய், எனக்குப் படம் எடுத்துக் கொடு என்றார்.

1908-இல்தான் டோக்கியோவில் யோஷிஸாவா நிறுவனம் கண்ணாடிக் கூரை போட்ட ஸ்டூடியோவைத் திறந்திருந்தது. கியோட்டோவில் அப்படி எதுவும் கிடையாது. வெளிச்சம் என்றால் சூரியன்தான். அரங்கம் வேண்டுமென்றால் கோயில்தான் இருக்கிறது. பழைய கூரை, பழைய தூண், அகலமான முற்றம், எல்லாம் தயாராக நிற்கிறது. அதனால்தான் ஷின்னியோடோ. காரணம் அவ்வளவுதான் என்று முதலில் நானும் நினைத்தேன். பிறகு கோயிலைப் பற்றிப் படிக்கப் படிக்க, அந்தக் கதையை எடுக்க இதைவிடப் பொருத்தமான இடம் கியோட்டோவிலேயே இருந்திருக்காது என்று தோன்றிவிட்டது. இந்தக் கட்டுரையை எழுத உட்கார்ந்ததே அதைச் சொல்லத்தான்.

ஷின்னியோடோ 984-இல் தொடங்கிய கோயில், பௌத்தத்தின் தெண்டாய் பிரிவைச் சேர்ந்தது. அந்தப் பிரிவின் தலைமைப் பீடம் கியோட்டோவுக்கு வடகிழக்கே ஹியேய் மலையில் இருக்கும் என்ரியாகுஜி. ஷின்னியோடோவின் மூலவரான அமிதா புத்தர் சிலையே அந்த மலையிலிருந்து வந்ததுதான். சிலையைச் செதுக்கியவர் என்னின் என்ற பெருந்துறவி என்பது ஐதீகம். வேலை முடியும் நேரத்தில் அவர், “இந்த மலைத் துறவிகளுக்கு நீங்கள் மூலவராக இருக்க வேண்டும்” என்று கேட்டாராம். சிலை வேண்டாம் என்று தலையை அசைத்ததாம். “அப்படியானால் ஊருக்கு இறங்கி எல்லோரையும், முக்கியமாகப் பெண்களைக் கரையேற்ற வேண்டும்” என்றதும் மூன்று முறை தலையை ஆட்டிச் சம்மதித்ததாம். பெண்கள் அந்த மலைக்கு ஏறவே கூடாது என்றிருந்த காலம். அதனால் இந்தச் சிலைக்கு ‘தலையாட்டும் அமிதா’ என்று பெயர். வருடத்தில் ஒருநாள், நவம்பர் 15 அன்றுதான் திரையை விலக்கிப் பக்கத்தில் போய்ப் பார்க்க விடுவார்கள். நான் அன்றைக்குப் போனதும் அதனால்தான்.

இப்போது நெருப்புக்கு வருகிறேன். 1536-இல் ஹியேய் மலைத் துறவிகள் படை திரட்டி இறங்கி வந்து, கியோட்டோவில் நிசிரேன் என்ற துறவியின் வழியைப் பின்பற்றிய 21 பெருங்கோயில்களையும் எரித்தார்கள். அவற்றில் ஹொன்னோஜியும் ஒன்று. 35 வருடம் கழித்து, 1571-இல் ஓடா நொபுநாகா தன்னை எதிர்த்த ஹியேய் மலையைச் சுற்றிவளைத்து, கோயில்களை எரித்து, துறவிகளையும் அங்கே தஞ்சம் புகுந்திருந்தவர்களையும் கொன்று குவித்தான். அந்தத் தாக்குதலில் முன்னின்று வேலை செய்து, பரிசாக மலையடிவாரத்து நிலத்தைப் பெற்றவன் யார் தெரியுமா? அதே அகேச்சி மிட்சுஹிதே. பதினோரு வருடம் போயிற்று. மிட்சுஹிதே வந்து சூழ்ந்துகொள்ள, நொபுநாகா மாண்டது ஹொன்னோஜியின் தீயில்.

மலைக்காரர்கள் ஹொன்னோஜியை எரித்தார்கள். நொபுநாகா மலையை எரித்தான். ஹொன்னோஜியில் நொபுநாகா எரிந்தான். 326 வருடம் கழித்து, அந்தத் தீயை நடித்துக் காட்ட நடிகர்கள் வந்து நின்றது ஹியேய் மலையின் கிளைக் கோயில் முற்றத்தில். மரத்தால் கட்டிய கோயில். கோயில் எரிந்த கதைக்கு இன்னொரு கோயில் தன் வாசலைத் திறந்துவிட்டிருக்கிறது. அதிலும் இந்தக் கோயில் தானே பலமுறை தீயைப் பார்த்தது. 15-ஆம் நூற்றாண்டின் ஓனின் உள்நாட்டுப் போரில் அழிந்து, இடம் மாறி மாறி, 1693-இல்தான் இங்கே திரும்பி வந்தது. இப்போதிருக்கும் மண்டபம் 1717-இல் முடிந்தது. கோயிலின் வரலாற்றைச் சொல்லும் 1524-ஆம் வருடத்து ஓவியச் சுருள் ஒன்று உண்டு. அதில் அரைகுறை உடையில் காலாட்படைக்காரர்கள் கோயிலைப் பிரித்துப் பலகைகளைத் தூக்கிக்கொண்டு ஓடும் காட்சி இருக்கிறது. ஓனின் போரைப் பற்றிய எந்தப் புத்தகத்தைத் திறந்தாலும் அந்தப் படம்தான் இருக்கும். அப்புறம் 1908-இல் அதே ஷின்னியோடோவில் வேஷம் போட்ட காலாட்படை.

அதைவிட என்னை உலுக்கியது கோயிலின் கல்லறைத் தோட்டம். அங்கே சைதோ தோஷிமிட்சு என்பவரின் கல்லறை இருக்கிறது. இவர் மிட்சுஹிதேயின் வலதுகை. ஹொன்னோஜியைச் சூழ்ந்த படையை முன்னின்று நடத்தியவர்களில் ஒருவர். மிட்சுஹிதேயின் வெற்றி பதினோரு நாள்தான் நீடித்தது. செய்தி கேட்டு நொபுநாகாவின் இன்னொரு தளபதி ஹிதேயோஷி ஓட்டமாகத் திரும்பிவந்து யாமாஸாகியில் மோதினான். தோற்று ஓடிய மிட்சுஹிதேயை வழியில் கிராமத்தார் மூங்கில் ஈட்டியால் குத்திக் கொன்றார்கள். தோஷிமிட்சு பிடிபட்டு மரண தண்டனை பெற்றார். துரோகியின் உடல் என்று பொது இடத்தில் காட்சிக்கு வைத்தார்கள். அதை எடுத்து அடக்கம் செய்ய யாருக்குத் துணிச்சல் வரும்? அவருடைய நண்பர் கைஹோ யூஷோ என்ற ஓவியர், ஷின்னியோடோ துறவி ஒருவரோடு சேர்ந்து இரவில் உடலை மீட்டுவந்து அடக்கம் செய்தார் என்பது கோயில் வழியாக வரும் வரலாறு. கென்னின்ஜி கோயிலில் மேகத்துக்குள்ளிருந்து எட்டிப்பார்க்கும் கறுப்பு மை டிராகனை வரைந்தாரே, அவர்தான். யூஷோ இறந்தபோது அவரையும் தோஷிமிட்சுவுக்குப் பக்கத்திலேயே புதைத்தார்கள்.

தோஷிமிட்சுவின் சின்ன மகள் ஃபுகுவுக்கு அப்போது மூன்று வயது இருக்கும். துரோகியின் மகள் என்ற பெயரோடு வளர்ந்தவள். பின்னாளில் நாட்டை ஆண்ட தொகுகாவா ஷோகன்களில் மூன்றாமவரான இயேமிட்சுவுக்குச் செவிலித் தாயாகி, எடோ (இன்றைய டோக்கியோ) அரண்மனையின் அந்தப்புரத்தையே ஆண்டாள். காஸுகா அம்மையார் என்றால் ஜப்பானில் எல்லோருக்கும் தெரியும். அப்பாவின் நினைவாக அவள் இந்தக் கோயிலில் ஒரு செர்ரி மரம் நட்டாள். சாதாரணச் செர்ரிக்குப் பட்டையில் கோடுகள் படுக்கையாக ஓடும், இதற்கு நெடுக்காக ஓடும். அதனால் ‘நெடும்பட்டைச் செர்ரி’ என்று பெயர். 1959-இல் வந்த பெரும் புயலில் முறிந்து, பிறகு மறுபடி துளிர்த்த மரம் இப்போது நிற்கிறது. இலையெல்லாம் உதிர்ந்திருந்தது. பட்டையைத் தொட்டுப் பார்த்தேன், பைன் மரத்தைத் தொடுவதுபோல் சொரசொரவென்று இருந்தது.

ஆக, நடிகர்கள் இங்கே ஹொன்னோஜித் தாக்குதலை நடித்த அந்த நாளில், அந்தத் தாக்குதலை நிஜமாகவே நடத்திய ஒருவரின் கல்லறை கூப்பிடு தூரத்தில் இருந்தது. அவர் மகள் நட்ட மரமும் நின்றது. காமிராவின் கைப்பிடியைச் சுற்றுகிற சத்தம், கட்டையால் செய்த வாள்கள் மோதுகிற சத்தம், மாகினோவின் கத்தல், எல்லாம் அந்தக் கல்லறை வரைக்கும் கேட்டிருக்கும். எனக்கு இதை நினைக்கும்போதெல்லாம் மயிர்க்கூச்செறிகிறது.

கத்தல் என்று ஏன் சொல்கிறேன் என்றால், மாகினோ படம் எடுத்த முறை அப்படி. எழுதிய வசனத் தாள் எல்லாம் கிடையாது. ‘குச்சிதாதே’ என்பார்கள், வாய்மொழியாகவே காட்சியைச் சொல்லிக்கொடுப்பது. ஊர் ஊராகப் போகும் நாடகக் குழுக்களின் பழக்கம் அது. காமிரா ஒரே இடத்தில் நிற்கும். பக்கத்தில் நின்று, நீ வா, நீ வெட்டு, நீ விழு என்று இவர் சொல்லிக்கொண்டே இருப்பார். சுருள் தீர்ந்தால் ‘அப்படியே நில்’ என்று குரல் கொடுப்பார். ஓங்கிய வாள் ஓங்கியபடி நிற்க, புதுச் சுருள் மாட்டியதும் சண்டை தொடரும். இப்படி ஒரு கதை அந்தக் காலத்துப் படப்பிடிப்புகளைப் பற்றிச் சொல்லப்படுகிறது.

இன்னொரு கதை எனக்கு ரொம்பப் பிடித்தது. மௌனப் படம்தானே, நடிகர் என்ன பேசினாலும் ஒன்றுதான். அரங்கத்தில் ‘பென்ஷி’ என்கிற கதைசொல்லி திரைக்குப் பக்கத்தில் நின்று எல்லோருடைய வசனத்தையும் தானே பேசிவிடுவார். அதனால் வாயை அசைக்க வேண்டிய இடத்தில் மாகினோ நடிகர்களை ‘இரோஹா நிஹோஹேதோ’ சொல்லச் சொல்வாராம். நாம் அ, ஆ, இ, ஈ சொல்வது மாதிரி, அந்தக் காலத்தில் ஜப்பானியர்கள் எழுத்து வரிசையை அப்படித்தான் மனப்பாடம் செய்தார்கள்.

ஆனால் இரோஹா வெறும் எழுத்து வரிசை இல்லை. 47 எழுத்துகளையும் ஒவ்வொரு முறை மட்டும் பயன்படுத்திக் கட்டிய கவிதை அது. ‘நிறமும் மணமும் உண்டு, ஆனாலும் பூ உதிர்கிறது. நம் உலகில் நிலைத்து நிற்பவர் யார்’ என்று தொடங்குகிறது. புத்தர் மறைவைச் சொல்லும் நிர்வாண சூத்திரத்து வரிகளை ஒட்டியது என்பார்கள். திரையில் வீரன் ஒருவன் எதிரியைப் பார்த்து உறுமுகிறான். வாயைக் கூர்ந்து பார்த்தால் அவன் சொல்வது நிலையாமைப் பாட்டு. எந்தப் படத்தில் எந்த நடிகர் அப்படிச் சொன்னாலும் சரி, எனக்கு ஹொன்னோஜியின் நினைவுதான் வருகிறது. தீக்கு நடுவே கதவைச் சாத்தப் போகிறவன் வாயில் ‘யார் நிலைப்பார்’ என்று ஓடினால் எப்படி இருந்திருக்கும்!

மாகினோவின் பிற்கால வாழ்க்கை ஒரு தனிப் புத்தகத்துக்கு ஆகும். அடுத்த வருடமே ஓனோஎ மட்சுனொசுகே என்ற ஊர்சுற்றி நாடக நடிகரைத் திரைக்குக் கொண்டுவந்தார். கண்ணை உருட்டி விழிப்பதால் ‘முழிக்கண் மட்சு’ என்று மக்கள் செல்லமாக அழைத்த அவர்தான் ஜப்பானின் முதல் திரை நட்சத்திரம். ஆயிரம் படம் வரை நடித்தார். மாகினோ அடிக்கடி சொன்ன சூத்திரம் ஒன்று இன்றும் கியோட்டோ ஸ்டூடியோக்களில் புழங்குகிறது. முதலில் கதை, இரண்டாவது படத்தின் தெளிவு, மூன்றாவதுதான் நடிப்பு. நடிகர்களை வைத்துப் பிழைத்த மனிதர் நடிப்பை மூன்றாவதாக வைத்தது எனக்கு ஆச்சரியம். 1921-இல் சொந்தமாகத் தொடங்கியபோது ஸ்டூடியோவை எங்கே அமைத்தார்? தோஜி-இன் என்ற கோயிலின் வளாகத்தில்! அங்கே இன்றைக்கும் அவருடைய வெண்கலச் சிலை நிற்கிறது.

நெருப்பு அவரையும் விடவில்லை. 1928 மார்ச்சில், நாற்பத்தேழு சாமுராய்களின் கதையைத் தன் ஐம்பதாவது வயதை ஒட்டிப் பெரிய அளவில் எடுத்து முடித்து, வீட்டில் உட்கார்ந்து வெட்டி ஒட்டிக்கொண்டிருந்தார். விளக்கின் சூடு படச்சுருளில் பிடித்துக்கொண்டது. அந்தக் காலத்துச் சுருள் நைட்ரேட் சேர்ந்தது. பற்றினால் தண்ணீருக்குள் போட்டாலும் அணையாது, எரியத் தேவையான ஆக்சிஜனை அதுவே விடும். படத்தில் பெரும்பகுதியும் வீடும் சேர்ந்தே எரிந்தன. மிச்சமிருந்ததை ஒட்டி வெளியிட்டார்கள். அடுத்த வருடம் ஜூலையில் மாகினோ இறந்துபோனார்.

‘ஹொன்னோஜி காஸ்ஸென்’ மாதிரியான ஆரம்பகாலப் படங்கள் பெரும்பாலும் இல்லாமல் போயின. தீ, 1923 பூகம்பம், போர்க்கால குண்டுவீச்சு, இவை போக, சும்மா வைத்திருந்தாலே நைட்ரேட் சுருள் ஒட்டிப் பிசுபிசுத்துத் தூளாகிவிடும். ஓடி முடிந்த சுருளைக் காப்பாற்ற வேண்டும் என்று அன்றைக்கு யாருக்கும் தோன்றவும் இல்லை. ஒன்பது வருடம் முந்திய ‘மோமிஜிகாரி’ பிழைத்தது. 1899-இல் இரண்டு பெரிய கபுகி நடிகர்களைக் காற்றடிக்கும் திறந்தவெளியில் ஆடவிட்டு எடுத்தது. ஆடும்போது கையிலிருந்து விசிறி பறக்கிறது, அதுவும் பதிவாகியிருக்கிறது. 2009-இல் அரசு அதை முக்கியக் கலாச்சாரச் சொத்தாக அறிவித்தது. திரைப்படம் ஒன்றுக்கு அந்த மரியாதை கிடைத்தது அதுதான் முதல் தடவை. ஷின்னியோடோவிலும் அன்றைக்குக் காற்று அடித்திருக்கும். இலை பறந்திருக்கும். ஏதோ ஒரு வாள் கைநழுவியிருக்கும். எனக்கு வேண்டியது அதுதான், அதுதான் போய்விட்டது. கதை எங்கேயும் போகவில்லை. ஹொன்னோஜியை இன்றுவரை எடுத்துக்கொண்டேதான் இருக்கிறார்கள்.

ஹொன்னோஜிக்கும் போய்வந்தேன். ஹிதேயோஷி காலத்தில் இடம் மாற்றிவிட்டார்கள். இப்போது தெராமாச்சி கடைத்தெருவுக்குள், துணிக்கடைக்கும் பழைய புத்தகக் கடைக்கும் இடையில் இருக்கிறது. வாசல் கல்லில் பெயரைக் கவனித்துப் படிக்க வேண்டும். நடுவிலுள்ள ‘நோ’ என்ற எழுத்தின் வலது பக்கம் வழக்கமாக ‘ஹி’ போன்ற குறி ஒன்றன்கீழ் ஒன்றாக இரண்டு முறை வரும். ‘ஹி’ என்றால் நெருப்பு. திரும்பத் திரும்ப எரிந்த கோயிலுக்குப் பெயரிலும் நெருப்பு எதற்கு என்று அந்தக் குறிகளை எடுத்துவிட்டு வேறு வடிவில் எழுதுகிறார்கள். நொபுநாகா செத்த பிறகு வந்த மாற்றம் என்று வழிகாட்டிகள் சொல்வார்கள். ஆனால் 2007-இல் பழைய இடத்தைத் தோண்டியபோது, தீயில் வெந்த ஓடுகளுக்கிடையே அந்த மாற்றிய எழுத்தைத் தாங்கிய ஓடு கிடைத்தது. எரிவதற்கு முன்பே மாற்றியிருக்கிறார்கள். 1536-இல் பட்டது மறக்கவில்லை போலிருக்கிறது. எழுத்தை மாற்றியும் தீ வந்துவிட்டது.

சரி, நவம்பர் 15-க்குத் திரும்புகிறேன்.

கஞ்சி குடித்துவிட்டு மண்டபத்துக்குள் போனேன். வெளியே முற்றத்தில் நட்டிருந்த மரத்தூணிலிருந்து ஒரு வெள்ளைத் துணி படியேறி உள்ளே போய் அமிதாவின் கையில் முடிகிறது. தூணைத் தொட்டால் புத்தரின் கையைத் தொட்டதாகக் கணக்கு. அமிதா நான் நினைத்ததைவிடச் சின்னது. நிற்கிற கோலம். தலை லேசாகத்தான் சாய்ந்திருக்கிறதா, இல்லை கதையைத் தெரிந்துகொண்டு பார்ப்பதால் அப்படித் தெரிகிறதா? எனக்கு முன்னால் ஒரு இளம்பெண் கைக்குழந்தையின் தலையைப் பிடித்து மெதுவாக ஆட்டிக் காட்டினாள், பதிலுக்கு.

அப்புறம் கல்லறைத் தோட்டத்துக்குப் போய் தோஷிமிட்சுவையும் யூஷோவையும் பார்த்தேன். எளிமையான கற்கள், பாசி பிடித்திருந்தது. யாரோ அன்றைக்குப் பூ வைத்திருந்தார்கள். நினைவுச் சின்னத்தின் முன்னாலும் கொஞ்ச நேரம் நின்றேன். அதன்மேல் ஒரு மேப்பிள் இலை, பாதி பச்சை, பாதி சிவப்பு. எடுக்கவில்லை.

திரும்பும்போது கஞ்சிப் பானையைக் கழுவிக்கொண்டிருந்தார் அந்தப் பாட்டி. மணி நின்றிருந்தது. போய் முழுக்கதையையும் சொன்னேன். 1908, நாடக நடிகர்கள், ஹொன்னோஜி, சுருள் அழிந்துபோனது எல்லாவற்றையும். அவர் கையைத் துடைத்துக்கொண்டு நிதானமாகக் கேட்டார். சின்னம் இருப்பது தெரியும், நாலைந்து தடவை துடைத்திருக்கிறேன், படிக்கத்தான் இல்லை என்றார்.

“அப்படியென்றால் ரன்மாரு இங்கேதான் செத்தானா?”

“நடித்தவர். ஆமாம், இந்த வளாகத்தில்தான்.”

அவர் முற்றத்தை ஒரு சுற்றுப் பார்த்தார். பிறகு மண்டபத்துப் படிக்கட்டின் அடியைக் கைகாட்டினார். “அங்கேதான் இருக்கும். சாயங்காலம் வரைக்கும் வெயில் இருப்பது அந்த இடத்தில் மட்டும்தான்.” இருபது வருடமாக அந்த முற்றத்தைப் பெருக்குகிறாராம். “எவ்வளவு இலை அள்ளியிருப்பேன் அங்கிருந்து!” என்று சொல்லிவிட்டு, பானையைக் கவிழ்த்து வைத்து, துடைப்பத்தை எடுத்துக்கொண்டு அந்தப் படிக்கட்டுப் பக்கம் நடந்தார்.